இந்திய மலை அணில்: வகைப்பாடும் இயற்கைப் பரவலும்

அணில் என்றதும் பெரும்பாலோர் மனத்தில் தோன்றுவது வீட்டு முற்றத்திலும் வேப்பமரத்திலும் ஓடித் திரியும் வரி அணிலே ஆகும். தென்னிந்தியாவில் அதன் முதுகில் மூன்று வெண்கோடுகள் இருக்கும். வட இந்தியச் சமவெளிகளில் வாழும் அதன் நெருங்கிய உறவினத்தில் ஐந்து கோடுகள் காணப்படும். இரண்டும் ஏறத்தாழ நூறு கிராம் எடையுள்ள சிற்றுயிர்கள். இதே அணில் குடும்பத்தில், ஒன்றரை முதல் இரண்டு கிலோகிராம் வரை எடையும், மூக்கு நுனி முதல் வால் நுனி வரை ஏறத்தாழ ஒரு மீட்டர் நீளமும் கொண்ட ஒரு விலங்கும் இருக்கிறது. தீபகற்ப இந்தியாவின் காடுகளைத் தவிர உலகில் வேறெங்கும் அது இயற்கையாக வாழ்வதில்லை. மராட்டியத்தில் ஷேக்ரு என்றும், கேரளத்தில் மலையண்ணான் என்றும், தமிழில் மலை அணில் என்றும் வழங்கும் இந்த விலங்கை மகாராஷ்டிர அரசு தனது மாநில விலங்காக ஏற்றுள்ளது.

இதன் அறிவியல் பெயர் ராட்டூஃபா இண்டிகா. இந்த ஒரு பெயருக்குள் எத்தனை வடிவங்கள் அடங்கும், அவை எந்தெந்த மலைகளுக்கு உரியவை என்ற கேள்விகள் இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக விலங்கியலாரிடையே விவாதிக்கப்பட்டு வருகின்றன. இது அருங்காட்சியகத்தோடு முடிந்துபோகும் விவாதம் அன்று. காட்டு உயிர்ப் பாதுகாப்புச் சட்டமும், வனக் கோட்டத்தின் செயல் திட்டமும், நெடுஞ்சாலைக்கான சூழல் ஆய்வறிக்கையும் ஓர் உயிரினத்தை அதன் பெயரைக் கொண்டே அறிகின்றன. பெயரில் அடங்காதது பதிவேட்டிலும் இடம் பெறுவதில்லை.

பெயர் வந்த வழி

ஜெர்மனியின் கட்டிங்கன் பல்கலைக்கழகப் பேராசிரியரான யோஹான் எர்க்ஸ்லேபன் 1777இல் இந்த விலங்குக்கு அறிவியல் பெயர் சூட்டினார். அதன் மூல இடமாகக் கொள்ளப்படுவது பம்பாய். அக்காலத்தில் அறியப்பட்ட மர அணில்கள் பெரும்பாலும் ஷியூரஸ் என்ற ஒரே பேரினத்தில் அடக்கப்பட்டிருந்ததால், அவர் இட்ட பெயர் ஷியூரஸ் இண்டிகஸ் என்பதாகும். 1784இல் ஷ்ரேபர் என்ற மற்றொரு ஜெர்மானிய அறிஞர், மலபார் பகுதியின் பேரணிலுக்கு மாக்ஸிமா என்று பெயரிட்டார். இவ்வாறு ஒரே மலைத்தொடரின் வடபகுதி விலங்குக்கு ஒரு பெயரும் தென்பகுதி விலங்குக்கு மற்றொரு பெயரும் ஏழே ஆண்டு இடைவெளியில் கிடைத்துவிட்டன.

ஏறத்தாழ அதே காலத்தில் இதன் உறவினங்களும் அடையாளம் காணப்பட்டன. இலங்கையின் நரை நிறப் பேரணிலுக்கு 1769இல் பென்னன்ட் பெயரிட்டார். ஜாவாவின் கருநிறப் பேரணிலை 1778இல் ஸ்பார்மன் விவரித்தார். மலேயாப் பகுதியின் வெளிர்நிறப் பேரணிலை 1821இல் ராஃபிள்ஸ் விவரித்தார். இவரே சிங்கப்பூரின் வரலாற்றில் இடம்பெற்ற ராஃபிள்ஸ் ஆவார். இந்த நான்கையும் ஏனைய அணில்களிடமிருந்து பிரிக்கும் ராட்டூஃபா என்ற பேரினத்தை 1867இல் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் ஜான் எட்வர்ட் கிரே நிறுவினார்.

நூல்களில் இந்த விலங்கின் பெயரை அடுத்து எர்க்ஸ்லேபன், 1777 என்பது பிறை அடைப்புக்குள் அச்சிடப்படுவதை மாணவர்கள் கவனித்திருக்கலாம். அது அச்சு அலங்காரம் அன்று. பெயரிட்டவர் வைத்த பேரினத்திலிருந்து அந்த இனம் பின்னர் வேறொரு பேரினத்திற்கு மாற்றப்பட்டது என்பதற்கு அதுவே அடையாளம். அடைப்பு இல்லையெனில் இனம் முதலில் வைக்கப்பட்ட பேரினத்திலேயே இருக்கிறது என்று பொருள். வகைப்பாட்டின் வரலாறு ஒரு சிறு குறியில் அடங்கிவிடுகிறது.

குடும்பத்தில் இதன் இடம்

பேரணில்களை மற்ற அணில்களிடமிருந்து பிரிப்பதற்கு உருவளவு மட்டும் காரணம் அன்று. பல அணில்களுக்கு மேல்தாடையின் ஒவ்வொரு பக்கத்திலும் இரண்டு முன்கடைவாய்ப் பற்கள் இருக்க, இவற்றுக்கு ஒன்றே உண்டு. முன்னங்கையின் உட்பக்கத் திண்டு அகன்று விரிந்து, கிளையை இறுகப் பற்றுவதற்கு ஏற்றதாக அமைந்திருக்கிறது. பின்னங்கால்களால் கிளையைப் பற்றித் தலைகீழாகத் தொங்கியபடி, இரு கைகளிலும் பழத்தை ஏந்தி உண்ணும் பழக்கம் இவற்றுக்கு உண்டு. அப்போது நீண்ட வால் மறுபுறம் தொங்கிச் சமநிலை தருகிறது.

இருப்பினும், குடும்ப மரத்தில் பேரணில்கள் எந்தக் கிளையைச் சேர்ந்தவை என்பது நெடுங்காலம் தெளிவாகவில்லை. 2003, 2004ஆம் ஆண்டுகளில் வெளிவந்த மரபணு ஆய்வுகள் இதற்கு விடை கண்டன. அணில் குடும்பம் இன்று ஐந்து துணைக் குடும்பங்களாகப் பிரிக்கப்படுகிறது. ஐரோப்பாவின் செவ்வணிலும் பறக்கும் அணில்களும் ஒரு துணைக் குடும்பம். தெற்கு, தென்கிழக்கு ஆசியாவின் பல அணில்கள் மற்றொன்று. வரி அணில் இதைச் சேர்ந்தது. தரை அணில்கள் மூன்றாவது. லடாக்கின் குளிர்மேடுகளில் வளை தோண்டி வாழும் மார்மட் இதில் அடங்கும். தென் அமெரிக்காவின் குள்ள அணில் ஒன்று மட்டுமே நான்காவது துணைக் குடும்பமாக நிற்கிறது. ஐந்தாவதில் இருப்பவை ராட்டூஃபா பேரினத்தின் நான்கு இனங்கள் மட்டுமே. அதாவது, குடும்பத்தின் மிகத் தொடக்க காலத்திலேயே பிரிந்து, ஆசியாவின் வெப்பமண்டலக் காடுகளில் தனித்து நின்றுவிட்ட ஒரு மரபு இது. தோட்டத்து வரி அணிலை விரித்துப் பெரிதாக்கினால் மலை அணில் கிடைக்கும் என்று எண்ணுவது தவறு. இரண்டின் உறவும் அத்தனை தொலைவானது.

பரவலின் எல்லைகள்

நான்கு இனங்களில் மூன்று இந்தியாவில் உள்ளன. கருநிறப் பேரணில் கிழக்கு இமயமலை அடிவாரத்திலும் அசாம் முதலிய வடகிழக்கு மாநிலங்களிலும் வாழ்கிறது. அங்கிருந்து மியான்மர், இந்தோசீனம் வழியாகச் சுமாத்திரா, ஜாவா, பாலி வரை அதன் பரவல் நீள்கிறது. நரை நிறப் பேரணில் இலங்கையிலும் தென்னிந்தியாவின் சில ஆற்றோரக் காடுகளிலும் மட்டும் உள்ளது. அதற்கெனத் திருவில்லிபுத்தூரில் 1988இல் சரணாலயம் அமைக்கப்பட்டது. இந்திய மலை அணிலோ கங்கைச் சமவெளிக்குத் தெற்கே மட்டும் காணப்படுகிறது.

வடகிழக்கின் கருநிற இனத்திற்கும் தீபகற்பத்தின் செந்நிற இனத்திற்கும் நடுவே கங்கை, பிரம்மபுத்திரா ஆறுகளின் வண்டல் சமவெளி கிடக்கிறது. மரம் விட்டு மரம் தாவியே பயணம் செய்யும் விலங்குக்கு அச்சமவெளி கடலுக்கு ஒப்பானது. வடகிழக்கு மலைகளிலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் உறவுடைய உயிர்கள் வாழ, இடைப்பகுதியில் அவை இல்லாதிருப்பது இந்திய விலங்குப் புவியியலின் பழைய புதிர்களில் ஒன்றாகும். ஓடை மீன்களை ஆராய்ந்த சுந்தர் லால் ஹோரா, விந்திய சாத்பூரா மலைகளே ஒரு காலத்தில் பாலமாக இருந்திருக்கக்கூடும் என்ற கருதுகோளை முன்வைத்தார். அது மீன்களுக்காகச் சொல்லப்பட்டது. அணில்களுக்கு அதை அப்படியே பொருத்திவிட முடியாது. ஆயினும் மலை அணிலின் பரவல் வரைபடத்தைப் பார்ப்பவருக்கு ஹோராவின் நினைவு வராமல் போகாது.

அந்த வரைபடம் ஒரே பரப்பாக இல்லை. மேற்குத் தொடர்ச்சி மலையில் மகாராஷ்டிரத்தின் பீமாசங்கர், பன்சாட் காடுகளிலிருந்து கர்நாடகத்தின் தாண்டேலி, பத்ரா வழியாக முதுமலை, பரம்பிக்குளம் வரை ஒரு நீண்ட, ஆனால் ஆங்காங்கே அறுபட்ட கோடு. மத்திய இந்தியாவில் மேல்காட், பச்மடி, போரி ஆகியவை கொண்ட சாத்பூராத் திட்டு. கிழக்கே ஒடிசாவின் சிமிலிபால் முதலிய காடுகள், தெற்கே நல்லமலை. இந்தத் திட்டுகளுக்கு இடையே வயல்களும் நகரங்களும் புதர்க்காடுகளும் உள்ளன. பசுமைமாறாக் காட்டிலும் ஈர இலையுதிர் காட்டிலும் உயர்ந்த மரங்களின் உச்சிகள் ஒன்றோடொன்று கைகோத்து நிற்குமிடத்தில்தான் மலை அணில் நிலைத்து வாழும். அது தரையில் இறங்குவது மிக அரிது. கிளைகளுக்கிடையே ஆறு மீட்டர் வரை தாவக்கூடியது. இடைவெளி அதைவிட அகன்றால், வேறு வழியாகக் கிளைகள் கூடும் இடத்தைத் தேட வேண்டும்.

நிறமும் துணையினமும்

திட்டுத் திட்டாகப் பிரிந்த வாழ்க்கையின் விளைவு அதன் தோலில் தெரிகிறது. வட பகுதி மேற்குத் தொடர்ச்சி மலையின் அணில் முழுவதும் செம்பழுப்பாக இருக்கும். அதன் மேல்தோலில் கருமை இல்லை, வால் நுனி வெளிறியது. தென் கோடியின் அணிலுக்குத் தோளும் பின்புறமும் வாலும் கருத்தவை. இடையே ஆழ்ந்த செம்மரூன் நிறம். சாத்பூராவின் அணிலும் தனித்த நிற அமைப்புடையது. தோலை மட்டும் பார்த்தே எந்த மலையைச் சேர்ந்த விலங்கு என்று பழகிய கண் பெரும்பாலும் சொல்லிவிடும்.

இந்த வேறுபாடுகளுக்கெல்லாம் பெயர் சூட்டும் பணி பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் விரைவு பெற்றது. இந்தியப் புவியியல் அளவாய்வுத் துறையில் பணியாற்றியவரும் பாலூட்டிகள் பற்றிய பெருநூலின் ஆசிரியருமான பிளான்ஃபோர்ட், சூரத்தை அடுத்த டாங்ஸ் காடுகளின் வெளிறிய அணிலுக்கு 1897இல் டீயல்பாட்டா என்று பெயரிட்டார். பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகம் 1911இல் தொடங்கிய பாலூட்டிக் கணக்கெடுப்பு, நாடெங்கிலுமிருந்து தோல்களையும் மண்டையோடுகளையும் குவித்தது. அவற்றை ஆராய்ந்தோருள் ஒருவரான கேத்லீன் ரைலி, ஹோசங்காபாத் மாவட்டத்துப் போரியின் அணிலை 1913இல் சென்ட்ராலிஸ் என்று பிரித்தார். அம்மாவட்டம் இன்று நர்மதாபுரம் எனப்படுகிறது.

துணையினங்கள் எத்தனை என்பதில் ஒருமித்த கருத்து உருவாகவில்லை. ஹுமாயூன் அப்துலாலியும் ஜே. சி. டேனியலும் 1952இல் பம்பாய்க் கழகத்தின் ஆய்விதழில் இவ்வடிவங்களை மறு ஆய்வு செய்தனர். எட்டு வரை கொள்வோரும் உண்டு. பிற்காலத் தொகுப்பு நூல்கள் பெரும்பாலும் நான்கு அல்லது ஐந்தோடு நின்றுவிட்டன. இந்த வேறுபாடு அறிஞர்களின் பிடிவாதத்தால் எழுந்தது அன்று. விலங்கின் இயல்பே அதற்குக் காரணம்.

பாலூட்டிகளிலும் பறவைகளிலும் ஈரம் மிகுந்த இடத்தில் நிறம் அடர்வதும் வறண்ட இடத்தில் வெளிறுவதும் பரவலாகக் காணப்படும் போக்கு. மேற்குத் தொடர்ச்சி மலையின் வடபகுதியில் மழை மிகுதியாகப் பெய்தாலும் ஜூன் முதல் செப்டம்பர் வரையிலான நான்கு மாதங்களில் அது ஏறத்தாழ முடிந்துவிடுகிறது. எஞ்சிய காலம் வறட்சி. தெற்கே செல்லச் செல்ல மழைக்காலம் நீள்கிறது. கேரளத்தில் வடகிழக்குப் பருவமழையும் சேர்ந்துகொள்கிறது. மலை அணிலின் நிறமும் வடக்கில் வெளிறியும் தெற்கில் கருத்தும் இருப்பது இதனோடு பொருந்துகிறது. அப்படியாயின், கேள்வி இதுதான்: நிறம் படிப்படியாக மாறிச் செல்லும் ஒரே தொடரை ஆய்வாளர் தம் வசதிக்காக வெட்டிப் பெயரிட்டனரா? அல்லது பள்ளத்தாக்குகளாலும் கணவாய்களாலும் உண்மையிலேயே பிரிந்து தனி மரபாகிவிட்ட கூட்டங்களா? முதலாவது சரியெனில் துணையினங்களின் எண்ணிக்கைக்குப் பெரிய பொருள் இல்லை. இரண்டாவது சரியெனில் ஒவ்வொரு திட்டும் ஈடுசெய்ய முடியாத ஒன்று. மேற்குத் தொடர்ச்சி மலையின் தொடர்ச்சியான பகுதிகளுக்கு முதல் விளக்கமும், சாத்பூரா போன்ற தனித்த திட்டுகளுக்கு இரண்டாவதும் பொருந்துவதாகவே வரைபடத்தைக் காண்போருக்குத் தோன்றும். தோல் நிறம் மட்டும் இவ்வழக்கைத் தீர்த்துவிடாது.

டாங்ஸ் காடுகள்

வெளிறிய டாங்ஸ் அணிலின் நிலை இவ்விவாதத்தின் நடைமுறைப் பொருளை உணர்த்தும். பரவலின் வடமேற்கு விளிம்பு அது. 1840களில் பில் தலைவர்களிடமிருந்து டாங்ஸ் காடுகளை ஆங்கிலேயர் குத்தகைக்குப் பெற்றனர். தேக்கு அவர்களுடைய நாட்டம். தேக்கு மதிப்புள்ள மரம்தான். ஆனால் வெயில் காலத்தில் முற்றாக இலையுதிர்க்கும் மரம். தேக்கை மட்டுமே பெருக்கிய காட்டில், மலை அணில் உண்ணும் பழங்களும் கூடு கட்டும் நிழலும் குறைந்துவிடுகின்றன. இத்துடன் வேட்டையும் காடு சுருங்குவதும் சேர்ந்தன. டாங்ஸ் வடிவம் மறைந்துவிட்டதாகவே இன்று பொதுவாகக் கருதப்படுகிறது. அதே மாவட்டத்தில் 1990இல் பூர்ணா சரணாலயம் அமைக்கப்பட்டது. காப்பிடம் வந்தபோது அந்த அணிலைக் காப்பதற்கான காலம் கடந்திருந்தது.

உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் செம்பட்டியலில் இந்திய மலை அணில் கவலை குறைந்த இனங்களின் வரிசையில் உள்ளது. அதன் எண்ணிக்கை குறைந்து வருகிறது என்ற குறிப்பும் உடன் இருக்கிறது. இனம் முழுமையையும் அளவாகக் கொண்டால் இந்த மதிப்பீடு பிழையன்று. பரந்த பரப்பில், பல காப்பகங்களில் அது வாழ்கிறது. ஆனால் ஒரு விளிம்பு வடிவம் முழுவதும் அழிந்தாலும் இனத்தின் வரிசை மாறுவதில்லை என்பதையும் அதே மதிப்பீடு காட்டுகிறது. 1972ஆம் ஆண்டுக் காட்டு உயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் அட்டவணையிலும், அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகம் குறித்த உடன்படிக்கையின் இரண்டாம் பின்னிணைப்பிலும் இந்த அணிலுக்கு இடமுண்டு. இவை வேட்டையையும் வணிகத்தையும் தடுக்கும். மர உச்சிகள் அறுபடுவதைத் தடுப்பது இவற்றின் வேலையன்று.

கிளை விட்டுக் கிளைக்கு

சாலை, மின்தடம், இருப்புப்பாதை, கால்வாய் ஆகியவை காட்டில் எடுத்துக்கொள்ளும் நிலம் சிறிதே. எனவே வன நிலத்தை வேறு பயனுக்கு மாற்றும் விண்ணப்பங்களில் அவை சிறு இழப்பாகத் தோன்றுகின்றன. விண்ணப்பத்தில் வெட்டப்படும் மரங்கள் எண்ணப்படுகின்றன. அவற்றின் சுற்றளவும் குறிக்கப்படுகிறது. இரு பக்க மரங்களின் கிளைகள் மேலே கூடியிருந்தனவா என்பது பொதுவாகக் கேட்கப்படுவதில்லை. நாற்பது மீட்டர் அகலத்தில் நீளும் ஒரு வெட்டு, யானைக்குச் சில நிமிட நடை. மலை அணிலுக்கு அதுவே ஒரு கூட்டத்தை இரண்டாக்கும் எல்லை. பெஞ்ச் புலிகள் காப்பகத்தை ஒட்டிய 44ஆம் எண் தேசிய நெடுஞ்சாலையில் விலங்குகள் கடக்கச் சாலையையே தூண்களின் மேல் உயர்த்தியது பாராட்டத்தக்க பணி. ஆனால் அதன் பயன் தரையில் நடப்பவற்றுக்கே. மேலே செல்பவற்றுக்கு வேண்டியது வேறு: ஆனைமலையில் வால்பாறை அருகே சோலை மந்திகளுக்காகச் சாலைக்கு மேலே கட்டப்பட்டுள்ள பாலங்கள் போன்றவை; அதைவிடச் சிறந்தது, சாலையோரப் பெருமரங்களைச் சில இடங்களிலேனும் வெட்டாமல் விடுவது. பின்னது செலவில்லாதது; ஒருவேளை அதனாலேயே அது திட்ட மதிப்பீட்டில் இடம் பெறுவதில்லை போலும்.

வேறிடத்தில் ஈடாக நடப்படும் காடு இக்குறையைப் போக்காது. கன்று மரமாகி உச்சி கூடுவதற்குப் பல பத்தாண்டுகள் ஆகும். அதுவும் அறுந்த இடத்தில் அன்றி வேறிடத்தில்.

பீமாசங்கரின் அனுபவம் இங்குக் கருதத்தக்கது. 1985இல் ஏறத்தாழ 131 சதுர கிலோமீட்டர் பரப்பில் அங்குச் சரணாலயம் அமைந்ததற்கு மலை அணிலே முதன்மைக் காரணம். ஆனால் அரசாணைக்கு நெடுங்காலம் முன்பிருந்தே, கோவிலைச் சூழ்ந்த தேவ்ராய் எனப்படும் தெய்வக் காடுகளில் கோடரி படாத பெருமரங்கள் நின்றன. அணிலுக்கு வேண்டியவை அத்தகைய முதிர்ந்த மரங்களே. குச்சிகளையும் இலைகளையும் கொண்டு உருண்டையான கூடுகளை உயர்ந்த கிளைகளில் அது கட்டுகிறது. ஒரு விலங்கே தன் எல்லைக்குள் பல கூடுகளை வைத்திருக்கும். பழம் குறையும் மாதங்களில் அது எவ்வாறு உணவைத் தேடிச் சமாளிக்கிறது என்பதைப் பீமாசங்கரிலும் கர்நாடகத்தின் மாகோட்டிலும் ரெனீ போர்ஜஸ் விரிவாக ஆராய்ந்துள்ளார்.

கூடுகள் பெரியவை, வெளிப்படையானவை. ஆகவே வனக் காவலர் ஒருவர் தம் சுற்றுக்காவலின்போதே அவற்றை எண்ணிவிட முடியும். கூடு இருக்கும் மரத்தின் இனம், அதன் உச்சி எத்தனை பக்கங்களில் அயல் மரங்களைத் தொடுகிறது, அணிலைக் கண்டால் தோள், பின்புறம், வால் நுனி ஆகியவற்றின் நிறம் என்பவற்றைக் குறிப்பேட்டில் எழுதினால் போதும். மலை அணில் உண்டு என்ற ஒற்றைச் சொல் பதிவைக் காட்டிலும் இது பன்மடங்கு பயனுடையது. குறிப்பாகச் சாத்பூராவிலும் கிழக்கு மலைகளிலும், திட்டின் விளிம்பு ஆண்டுக்காண்டு உள்வாங்குகிறதா என்பதை இத்தகைய பதிவே காட்டும். போரிக் காடு 1865இலேயே காப்புக் காடாக்கப்பட்டது. அங்கு அடுத்தடுத்து வந்த செயல் திட்டங்கள் மரத்தைப் பற்றிச் சொல்லும் அளவில் ஒரு சிறு பங்கு அணிலைப் பற்றியும் சொல்லியிருந்தால் இன்று ஒப்பிடுவதற்குப் பொருள் இருந்திருக்கும்.

டாங்ஸ் காடுகளுக்கு மலை அணிலை மீண்டும் கொண்டுவரலாமா என்ற கேள்வி எழுந்தால், அதற்கு முன் விடை காண வேண்டிய மற்றொரு கேள்வி உண்டு: எங்கிருந்து கொண்டுவருவது? தெற்கே பீமாசங்கரின் செம்பழுப்பு அணிலா? கிழக்கே மேல்காட்டின் சாத்பூரா அணிலா? மறு அறிமுகத்திற்கான விலங்குகள் மறைந்த கூட்டத்திற்கு மரபாலும் வாழ்முறையாலும் மிக நெருங்கியவையாக இருத்தல் வேண்டும் என்பது இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2013இல் வெளியிட்ட நெறிமுறைகளின் கருத்து. அந்த நெருக்கத்தை நிறத்தைக் கொண்டு ஊகிக்க வேண்டியதில்லை. பழைய தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் மரபணுவைப் பிரித்தெடுத்துப் படிக்கும் முறைகள் இன்று உள்ளன. மும்பையிலும் லண்டனிலும் உள்ள சேகரிப்புகளில், ஊரும் நாளும் எழுதிய சீட்டுகளோடு, நூறாண்டுகளுக்கு முந்தைய மலை அணில் தோல்கள் இழுப்பறைகளில் கிடக்கின்றன.